பல்லுக்குப் போகுது

1965 ஒக்டோபர் 5, செவ்வாய்

இன்றோடு சின்னவளுக்கு ஏழு மாதம். விடிந்ததிலிருந்து நான்கு சட்டை மாற்றிவிட்டேன். நான்கும் வீணீர் வடிந்து நெஞ்சுப் பக்கம் தொப்பல். கையில் அகப்பட்டதெல்லாம் வாய்க்குத்தான்: என் தாலிக்கொடி, பாயின் கரை, இவருடைய காது. பால் குடிக்கும்போது நறுக்கென்று கடித்தாள். நான் கத்த, அவள் சிரிக்கிறாள், கள்ளி.

கீழ் முரசு, பல் வருகிற ஈறு, வீங்கியிருக்கிறது. விரலால் தடவிப் பார்த்தேன். பல் இல்லை. மத்தியானமும் பார்த்தேன். பின்னேரமும் பார்த்தேன். இவர் வயலால் வந்து நின்று பார்த்துவிட்டு, "பல்லை நீர் தோண்டி எடுக்கப் போறீரோ?" என்று கேட்கிறார். விதைப்பு நேரத்திலும் அவருக்குப் பகிடி வருகிறது.

எனக்கு வரவில்லை. ஏழு என்றால் அடுத்தது எட்டு. மூத்தவன் செல்வன் எட்டாம் மாதத்தில்தான் போனான். அவன் போய் நான்கு வருடம். பல் முளைக்கிற காலத்தில் பிள்ளைக்கு வயிறு இளகினால் "பல்லுக்குப் போகுது" என்று எங்கள் ஆட்கள் ஒரே சொல்லில் முடித்துவிடுவார்கள். செல்வனுக்கும் அப்படித்தான் போனது. பிறகு அவனே போய்விட்டான். இந்த ஸ்கந்தபுரத்தில் யார் கேட்டாலும் "பல்லு கொண்டு போட்டுது" என்றுதான் நான் சொல்லி வருகிறேன்.

இவளுக்குப் பல்லே வராமல் விட்டால் என்ன? பைத்தியக் கதை. எழுதிவிட்டு வெட்கமாக இருக்கிறது.

ஒக்டோபர் 7, வியாழன்

பல் இல்லை.

ஒக்டோபர் 9, சனி

மச்சாள் வந்துவிட்டார். இவருடைய தமக்கை அன்னபாக்கியம். கரவெட்டியிலிருந்து முதல் பஸ் பிடித்து, கிளிநொச்சியில் மாறி, இரண்டு பனையோலை உமலும் ஒரு குடையுமாக வந்து இறங்கினார். விதைப்பு முடியும்வரை நிற்பாராம். வேலைக்குச் சளைக்காத மனிசி. வந்து கால் கழுவியதும் குசினிக்குள் போய்விட்டார். ஆனால் அவர் இருக்கிற வீட்டில் மற்றவர்களுக்கு வாய் இருக்கக் கூடாது.

உமலுக்குள் ஒரு கட்டுப் புழுக்கொடியல். அவித்துக் காயவைத்த பனங்கிழங்கு, கல்லுப் போலக் கிடக்கிறது. அதில் ஒரு துண்டை எடுத்துச் சின்னவளின் கையில் கொடுத்துவிட்டார். "கடிக்கட்டும் பிள்ளை. முரசு உரம் பிடிக்கும். உன்ரை புருஷன் இதைக் கடிச்சு வளர்ந்தவன்தான்." இன்னொரு பொட்டலத்திலிருந்து வசம்பு கோத்த கறுப்புக் கயிறு ஒன்று. அதைக் கழுத்தில் கட்டினார். சின்னவள் ஒடியலை இரண்டு கையாலும் பிடித்துச் சப்பிக்கொண்டு ராசாத்தி மாதிரி இருந்தாள்.

ஒடியலைப் பறிக்காமல் விட்டேன். செல்வனை மடியில் வைத்துப் பார்த்தவரும் இதே மச்சாள்தான். கடைசி மட்டும் விட்டு அசையவில்லை. அதையும் நினைக்கத்தானே வேண்டும்.

ஒக்டோபர் 12, செவ்வாய்

மருத்துவிச்சி யூலிற்றா வந்தாள். முல்லைத்தீவுக் கடற்கரைப் பிள்ளை, என்னை விடப் பத்து வயது இளமை, கதை உரத்துத்தான் வரும். சைக்கிளைப் பூவரசில் சாத்தும்போதே, "சிவனேசு அக்கா, எங்கை என்ரை பொம்பிளை?" என்று கேட்டுக்கொண்டு வந்தாள்.

முதலில் கழுத்துக் கயிற்றைக் கழற்றினாள். "இதை உங்கடை சாமிப் படத்துக்குப் போடுங்கோ. பிள்ளையின்ரை கழுத்திலை வேண்டாம், எங்கையும் கொழுவினால் இறுக்கிப் போடும்." பிறகு ஒடியலைக் கையில் எடுத்துப் பார்த்தாள். "இது எனக்கே கடிக்கேலாது." இவர் கிளிநொச்சி பஸ் நிலையத்தில் யாரோ ஒருவன் விற்றான் என்று வாங்கி வந்த பல்லுத்தூள் பொட்டலத்தைக் காட்டினேன். முகர்ந்து பார்த்துவிட்டு வெளியே எறியச் சொன்னாள். "உள்ளுக்கு என்ன கிடக்கெண்டு வித்தவனுக்கே தெரியாது அக்கா."

அப்படியென்றால் என்னதான் செய்வது என்று கேட்டேன். கொஞ்சம் சூடாகத்தான் கேட்டேன். அவள் கை கழுவி வந்து விரலால் முரசை மெல்ல உரஞ்சிக் காட்டினாள். சின்னவள் கண்ணை மூடிக்கொண்டு வாயைத் திறந்து வைத்திருந்தாள், பூனைக்குட்டி தடவக் கொடுப்பது போல. கொதித்தாறின தண்ணீரில் சுத்தமான துணியை நனைத்துப் பிழிந்து, கடிக்கக் கொடுக்கலாமாம். வீணீரை அடிக்கடி ஒற்றிவிட வேண்டுமாம், இல்லாவிட்டால் நாடியும் கழுத்தும் புண்ணாகும். வேறு ஒன்றும் வேண்டாமாம்.

போகும்போது சொன்னது: "பல்லு முளைக்கிற பிள்ளை சிணுங்கும், கடிக்கும், நித்திரை கொள்ளாது. அவ்வளவுதான். காய்ச்சல் காய்ஞ்சாலோ, வயித்தாலை தண்ணியாய்ப் போனாலோ, அது பல்லில்லை. வேறை வருத்தம். உடனை ஆள் அனுப்புங்கோ."

அது பல்லில்லையாம்.

இவளுக்கு என்ன தெரியும்? கலியாணமே ஆகாதவள். பிள்ளை பெற்றாளா, பறிகொடுத்தாளா? சைக்கிளில் வந்து சொல்லிவிட்டுச் சைக்கிளில் போய்விடலாம்.

மச்சாள் குசினிக்குள் இருந்து எல்லாம் கேட்டுக்கொண்டிருந்தார். "வேதக்காரப் பெட்டையின்ரை கதையைக் கேட்டு ஆடாதை" என்றார். இந்த ஒரு தரம் எனக்கும் அவர் பக்கமே நிற்கத் தோன்றியது. ஏன் இவ்வளவு கோபம் வந்தது எனக்கு?

ஒக்டோபர் 15, வெள்ளி

பிள்ளையை மடியில் வைத்துக்கொண்டே எழுதுகிறேன்.

மச்சாள் ஒடியலை எறியவில்லை. நான் துணி தோய்க்கக் கிணற்றடிக்குப் போன நேரம் கொடுத்திருக்கிறார். திரும்பி வருகிறேன், பிள்ளை வாயைத் திறந்தபடி சத்தமில்லாமல் இருக்கிறது. முகம் கறுத்துப் போகிறது. ஊறின நுனி உடைந்து தொண்டைக்குள் போயிருக்கிறது. குப்புறத் தூக்கி என் முழங்கையில் போட்டு முதுகில் அடித்தேன். ஒன்று, இரண்டு, மூன்றாவது அடிக்குத் துண்டு வந்து விழுந்தது. பிறகுதான் அழுதாள். அந்த அழுகையைப் போல ஒரு நல்ல சத்தம் நான் கேட்டதில்லை.

ஒடியல் கட்டை அப்படியே கொண்டுபோய் அடுப்புக்குள் வைத்தேன். இவர் வந்து, "அக்கா தெரிஞ்சே குடுத்தவா?" என்று கேட்டார். தெரிந்து யார் கொடுப்பார்கள்? தெரியாமல் கொடுக்கிறதுதானே எல்லாக் கேட்டுக்கும் காரணம்.

ஒக்டோபர் 22, வெள்ளி

மழை தொடங்கிவிட்டது. இவருக்குப் பூரிப்பு. விதைத்த நெல் முளைத்துப் பச்சை தெரிகிறது. எனக்கு வீட்டுக்குள் நனைந்த துணி காயப் போட இடமில்லை.

ஈரத்துணி கொடுக்கிறேன், முரசை உரஞ்சுகிறேன். யூலிற்றாவில் கோபம் இருந்தாலும் அவள் சொன்னது வேலை செய்கிறது. அதுவும் ஒரு கரைச்சல்.

சின்னவள் தவழத் தொடங்கிவிட்டாள். கோழி நடக்கிற முற்றம் வரைக்கும் போகிறாள். மண், செருப்பு, விறகுப் பட்டை, எல்லாம் வாய்க்குள்.

பல் இல்லை.

ஒக்டோபர் 26, செவ்வாய்

பல் இல்லை. நான் ஒரு நாளைக்கு எத்தனை தரம் பார்க்கிறேன் என்று எழுதப் போவதில்லை.

நவம்பர் 1, திங்கள்

மூன்று நாளாக விடாத மழை. வெள்ளம் ஏறிக் கிணறு கலங்கிவிட்டது. சின்னவளுக்கு விடியலிலிருந்து வயிற்றால் போகிறது. மத்தியானத்துக்குள் ஆறு தரம். தண்ணீராக. உடம்பும் சுடுகிறது.

மச்சாள் துணியைப் பார்த்ததும் சொன்னார்: "பல்லுக்குப் போகுது. பயப்பிடாதை. தண்ணியை நிற்பாட்டு, பாலையும் குறை. வயித்துக்கை தண்ணி இல்லாட்டித் தானாய் நிக்கும்."

அதே சொற்கள். அதே குசினி. "யூலிற்றாவுக்கு ஆள் அனுப்புவம் மச்சாள்" என்றேன். "இந்த மழையிலை அவள் என்னெண்டு வாறது? அவள் வந்துதான் என்ன சொல்லப் போறாள், பல்லில்லை எண்டுவாள்." இவரும் அக்காவின் முகத்தைப் பார்த்தார், என் முகத்தைப் பார்த்தார், மண்வெட்டியை எடுத்துக்கொண்டு வரம்பு கட்டப் போய்விட்டார்.

நான் தண்ணீரை நிற்பாட்டினேன். ஓம், நான்தான். ஒருவரும் என் கையைப் பிடித்துத் தடுக்கவில்லை. பல்லுக்குப் போகுது என்றால் பல்லோடு முடியும். பல்லில்லை என்றால் —

பின்னேரம் வரை ஒன்பது.

நவம்பர் 2, செவ்வாய், காலை

விடிந்ததிலிருந்து துணி நனையவில்லை. சிறுநீரே இல்லை. அழுகிறாள், கண்ணீர் வரவில்லை. உச்சிக்குழி பள்ளமாகிவிட்டது. என் விரல் நுனி அதற்குள் இறங்குகிறது. வயிற்றுத் தோலைக் கிள்ளிவிட்டால் கிள்ளின மாதிரியே நிற்கிறது.

றங்குப்பெட்டிக்குள் இருந்து பழைய கொப்பியை எடுத்தேன். நான்கு வருடமாகத் திறக்காதது. என் கையெழுத்து:

"பல்லுக்குப் போகுது. மச்சாள் சொன்னபடி தண்ணீர் நிற்பாட்டியாச்சு. நேற்றை விடக் குறைவு. செம்பைக் கண்டால் கையை நீட்டுகிறான். கொடுக்கவில்லை. இரண்டு நாளில் சரிவரும்."

அதற்குப் பிறகு பக்கம் வெள்ளை.

குறைவுதானே. உள்ளே ஒன்றும் இருக்கவில்லை, பிறகு எப்படிப் போகும்? ஐயோ என்ரை ராசா, தண்ணிதானே கேட்டனீ. தண்ணிதானே. நான் என்ன செய்துபோட்டன்.

இவளுக்குப் பால் கொடுத்துக்கொண்டுதான் இதை எழுதுகிறேன். கரண்டி பக்கத்தில். அடுப்பில் தண்ணீர் கொதிக்கிறது. இவரைக் கூப்பிட வேண்டும். எழுதிக்கொண்டிருக்கிறேனே, என்ன பெண் நான்

நவம்பர் 4, வியாழன், ஆஸ்பத்திரியில்

இவர் இந்தக் கொப்பியைக் கொண்டுவந்து தந்தார். தலையணைக்குக் கீழே இருந்ததாம். பார்த்தீர்களா என்று நான் கேட்கவில்லை.

செவ்வாய்க்கிழமை நடந்தது: கொதிக்க வைத்த தண்ணீரை ஆற்றிப் போத்தலில் நிரப்பிக்கொண்டு, பிள்ளையைச் சேலைக்குள் சுற்றி, மழைக்குள் வயலுக்கு ஓடினேன். மச்சாள் படலையில் நின்று மறித்தார். "மழைக்கை கொண்டு போய்ச் சாக்காட்டப் போறியோ?" என்றார். "தண்ணியாலை ஒரு பிள்ளையும் சாகாது மச்சாள், செல்வன் தண்ணி இல்லாமல்தான் செத்தவன்" என்றேன். அவர் கையை எடுத்துவிட்டார்.

பாலத்துக்கு மேலால் வெள்ளம், பஸ் இல்லை. இவர் ஓடிப்போய் அயல்வீட்டு ஏரம்பு அண்ணையை உழவு இயந்திரத்தோடு கூட்டி வந்தார். பெட்டிக்குள் வைக்கோல் போட்டு, தலைக்கு மேல் படங்கு பிடித்து, கிளிநொச்சி ஆஸ்பத்திரி வரைக்கும் வந்தோம். வழி முழுக்க ஒரு கரண்டி, பிறகு பால், பிறகு ஒரு கரண்டி. குடித்ததைச் சத்தி எடுத்தாள். திரும்பவும் கொடுத்தேன். ஏரம்பு அண்ணை திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டு மிசினை ஓட்டினார். "பாத்து ஓட்டுங்கோ" என்று அவரிலும் பாய்ந்தேன்.

இங்கே காலில் ஊசி போட்டுச் சேலைன் ஏற்றினார்கள். ஒரு பகல் முழுக்கக் கண்ணைத் திறக்கவில்லை. நேற்றுப் பின்னேரம் என் சேலை நனைந்தது. சிறுநீர். வார்ட்டுத் தாதி மிஸ்ஸியைக் கூப்பிட்டுக் காட்டினேன், பெரிய புதையல் மாதிரி. அவளும் சிரித்தாள்.

டொக்டர் வயது போனவர். பல்லுக்குப் போகுது என்று வீட்டில் சொன்னார்கள் என்றேன். அவர் சின்னவளின் வாயைத் திறந்து, கீழும் மேலும் பார்த்து, "பல்லு எங்கை பிள்ளை?" என்று கேட்டார். அவ்வளவுதான் கேட்டார். பிறகு விளங்கப்படுத்தினார்: இந்த வயதில் பிள்ளை எல்லாவற்றையும் வாயில் வைக்கும், ஊத்தை வயிற்றுக்குள் போகும், பழி பல்லுக்கு. போகிற தண்ணீரைத் திருப்பிக் கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டும். பாலை ஒருநாளும் நிற்பாட்டக் கூடாது.

செல்வனுக்கும் பல் இருக்கவில்லை. ஒரு பல்லும். அவன் போனபிறகு முகம் துடைத்தது நான்தானே, எனக்குத் தெரியாதா? வெறும் முரசு. இருந்தும் நான்கு வருடமாக ஊருக்கெல்லாம் இல்லாத பல்லைச் சொல்லி வந்திருக்கிறேன். யூலிற்றாவில் வந்த கோபம் இப்போது விளங்குகிறது. அவள் சொன்னது சரி என்றால் நான் யார்?

நவம்பர் 7, ஞாயிறு

வீட்டுக்கு வந்தோம். மெலிந்து கழுத்து மட்டும் நீளமாகத் தெரிகிறாள். கோழியைக் கண்டு சத்தம் போட்டாள். போதும்.

நவம்பர் 8, திங்கள்

மச்சாள் நேற்று என்னோடு கதைக்கவில்லை. நானும் கதைக்கவில்லை. ஒரே குசினியில் இரண்டு பெண்கள் கதைக்காமல் சமைப்பது இலேசான வேலை இல்லை. உப்பு இரண்டு தரம் விழுந்துவிட்டது.

இன்று பழைய கொப்பியை எடுத்துக்கொண்டு போய் அவர் முன்னால் நின்று வாசித்தேன். வாசித்துத் தீர்த்துவிட வேண்டும் என்றுதான் போனேன். இவ்வளவு காலமும் பல்லில் போட்ட பழியை இனி ஓர் ஆளில் போட்டால் பாரம் குறையும் என்று நினைத்தேன் போல. "கொடுக்கவில்லை" என்ற இடத்தில் என் குரல் நின்றுவிட்டது. எழுதியவள் நான்.

மச்சாள் அரிசியைப் புடைத்துக்கொண்டே கேட்டார். பிறகு சுளகைக் கீழே வைத்தார்.

"எனக்கு இரண்டு போனது உனக்குத் தெரியும்தானே. ஒண்டு பத்து மாதம், மற்றது ஏழு. ரெண்டும் பல்லுக்குத்தான் போனதெண்டு இருந்தனான். எனக்கு ஆராவது சொன்னவையே, பிள்ளை? ஆராவது சொன்னவையே?"

எனக்கு அவரைக் கட்டிப்பிடிக்கத் தெரியவில்லை. எங்கள் வீடுகளில் அது பழக்கமில்லை. சுளகை எடுத்து மிச்ச அரிசியை நான் புடைத்தேன். அவர் சின்னவளைத் தூக்கிக்கொண்டு போய், கொதித்தாறின தண்ணீரைக் கரண்டியால் பருக்கிக்கொண்டிருந்தார். ஒவ்வொரு கரண்டிக்கும் என்னைப் பார்த்தார், அளவு சரியா என்பது போல.

நவம்பர் 10, புதன்

கிணற்றுத் தண்ணீர் இன்னும் கலங்கல். குடிக்கிற தண்ணீர் முழுக்கக் கொதிக்க வைக்கிறோம். விறகு ஈரம், புகை கண்ணைக் கரிக்கிறது. யார் அழுதது, யாருக்குப் புகை என்று ஒருவரும் கேட்பதில்லை.

நவம்பர் 19, வெள்ளி

கஞ்சி பருக்கும்போது கரண்டி "டிக்" என்றது. நான் கவனிக்கவில்லை. திரும்பவும் டிக். மச்சாள்தான், "எடி, பல்லடி!" என்றார்.

விரலால் தடவிப் பார்த்தேன். கீழே, இடப்பக்கம், அரிசி நுனி அளவு. கூராக இருக்கிறது. எப்போது வந்தது? காய்ச்சல் இல்லை, வயிறு குழம்பவில்லை, நேற்று நன்றாக நித்திரை கொண்டவள். நான் தேடித் திரிந்த நாளெல்லாம் வராமல், தேடாத நேரத்தில் ஒருவருக்கும் சொல்லாமல் வந்து நிற்கிறது.

இவர் கிணற்றடியிலிருந்து ஓடி வந்து, தானும் பார்க்க வேண்டும் என்று விரலை நீட்டினார். "கையைக் கழுவிப்போட்டு வாங்கோ" என்றேன். கழுவி வந்தவரைக் கடித்துவிட்டாள்.

பிறகு நான் மாட்டுக் கொட்டில் பக்கம் போய் நின்று நன்றாக அழுதேன். சந்தோஷமா துக்கமா என்று பிரிக்கத் தெரியவில்லை.

நவம்பர் 28, ஞாயிறு

முதற்பல் வந்ததற்குப் பல்லுக்கொழுக்கட்டை அவித்தோம். பயறும் தேங்காய்ப்பூவும் சர்க்கரையும் உள்ளே, மேலே தேங்காய்ச் சொட்டுக் குத்திப் பல்லு வைத்து. அயலில் எட்டு வீட்டார் வந்தார்கள். யூலிற்றாவுக்கும் சொல்லி அனுப்பினேன், வந்தாள். பிள்ளையை நடுவில் இருத்தி, தலைக்கு வெள்ளைத் துணி பிடித்து, சின்னக் கொழுக்கட்டைகளை மச்சாள் சொரிந்தார். ஒன்றைப் பிடித்து வாயில் வைக்கப் போனவளின் கையிலிருந்து மச்சாளே அதைப் பறித்தார். "சொட்டுக் கிடக்கு, தொண்டைக்கை போகும்" என்று எல்லோருக்கும் கேட்கச் சொன்னார்.

எதை எடுப்பாள் என்று பார்க்க, முன்னால் புத்தகம், நெற்கதிர், காப்பு, கத்தரிக்கோல் வைத்தோம். சின்னவள் எல்லாவற்றையும் தள்ளிவிட்டு யூலிற்றாவின் சைக்கிள் பூட்டுத் திறப்பைப் பிடித்தாள். சபை சிரித்தது. "மருத்துவிச்சியாய் வரப் போறாள்" என்றார்கள். "என்ரை சைக்கிளைக் களவெடுக்கப் போறாள்" என்றாள் யூலிற்றா.

கோபித்தது பற்றி அவளிடம் சொல்லவில்லை. இரண்டு கொழுக்கட்டை கூட வைத்துக் கொடுத்தேன்.

செல்வனுக்கு இது அவிக்கவில்லை.

டிசம்பர் 7, செவ்வாய்

மச்சாள் நாளைக்குக் கரவெட்டிக்குப் போகிறார். அதை எழுதத்தான் உட்கார்ந்தேன். ஆனால் காலையில் நடந்ததுதான் நெஞ்சில் நிற்கிறது.

புட்டு அவிக்க இரவல் வாங்கின நீத்துப்பெட்டியைக் கொடுக்க வாய்க்காலுக்கு அங்கால் இரஞ்சிதம் வீட்டுக்குப் போனேன். சின்னப் பெண், முதல் பிள்ளை, ஒன்பது மாதம். பிள்ளை பாயில் சோர்ந்து கிடந்தது. நாக்கு வறண்டிருந்தது. "நேற்றுத் தொடக்கம் பல்லுக்குப் போகுது அக்கா. தண்ணியை நிற்பாட்டிப் போட்டன், இப்ப குறைவு" என்றாள். நல்ல பிள்ளை பாடம் ஒப்புவிப்பது போலச் சொன்னாள்.

டொக்டர் சொன்னது, யூலிற்றா சொன்னது எல்லாம் எனக்குப் பாடம். சொல்ல வாயெடுத்தேன். அவள் முகத்தைப் பார்த்தால் அதொன்றும் போதாது என்று தெரிந்தது. அப்படிச் சொல்லி நான் கேட்டேனா? பாயில் அவள் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

"இரஞ்சிதம், என்ரை மூத்தவன் பல்லுக்குப் போகேல்லை. அவனுக்குப் பல்லே இல்லை. தண்ணி கேட்டவன். நான் குடுக்கேல்லை."

சொல்லிவிட்டேன். அவள் எழும்பிப் போய் அடுப்பை மூட்டிக் கேத்திலை வைத்தாள். வந்து பிள்ளையைத் தூக்கி மார்போடு அணைத்துப் பால் கொடுத்தாள். அவள் புருஷன் யூலிற்றாவைக் கூட்டிவரப் போய்விட்டான்.

கொதித்த தண்ணீரை இரண்டு கோப்பையில் மாற்றி மாற்றி ஊற்றி ஆற்றிக்கொண்டிருந்தேன் நான். சூடு ஆற நேரம் எடுத்தது. பிள்ளை முலையை விட்டுவிட்டுக் கோப்பைப் பக்கம் கையை நீட்டியது.

கொடுத்தேன்.